பூனம் வீட்டு மால்புவா

மூக்கண்டப்பள்ளி,
மே 18, ஞாயிறு.

அன்புத் தங்கை பூனத்துக்கு,

அக்கா பொற்கொடி எழுதுகிறேன். நானும் உன் அண்ணனும் சுகம். என்னை அக்கா என்றும் என் வீட்டுக்காரரை அண்ணா என்றும் நீ கூப்பிடுவதைக் கேட்டு, வீட்டுக்கார மங்கம்மா ஒன்பது வருஷமாகச் சிரித்தது. இப்போது அப்படிக் கூப்பிட ஆளில்லாமல் அதுவே, "லைன் வீடே வெறிச்சோனு கெடக்குது" என்கிறது.

முதலில் ரோஷ்னிக்கு ஒரு வார்த்தை. கண்ணு, உன் அம்மாவுக்குத் தமிழ் பேசத்தான் வரும், படிக்க வராது. உன் அப்பாவுக்கும் அப்படித்தான். அந்த வீட்டில் இந்த எழுத்து தெரிந்தவள் நீ ஒருத்திதான். அதனால் கடகடவென்று ஓட்டாமல் நிறுத்திப் படி. உன்னைப் பற்றி வரும் இடங்களை வெட்கப்பட்டுத் தாண்டிவிடாதே.

பூனம், வெள்ளிக்கிழமை பத்தாம் வகுப்பு ரிசல்ட் வந்தது. உடனே போன் போட்டேன். உமேஷின் அண்ணன் எடுத்தார். இந்தியில் ஏதோ கேட்டார். நான் "ரோஷ்னி, ரோஷ்னி, பாஸ்" என்று மூன்று தரம் கத்தினேன். வைத்துவிட்டார். மறுபடி போட்டேன், எடுக்கவில்லை. உங்களுக்கு விவரம் எட்டியதோ இல்லையோ என்றுதான் இந்தக் கடிதம்.

பூப்பண்ணையில் அரை நாள் லீவு சொல்லிவிட்டுப் பள்ளிக்கூடத்துக்குப் போனேன். சுசித்ரா டீச்சர் என்னைக் கண்டதும் எழுந்து வந்து கையைப் பிடித்துக்கொண்டார். நானூற்று நாற்பத்தொன்று, பூனம்! தமிழில் தொண்ணூற்றொன்று. கணக்கில் தொண்ணூற்றைந்து. "வீட்டுல தமிழ் பேசுற புள்ளைங்களே எண்பதத் தாண்டல, இவ எங்கிருந்து வந்து தாண்டிட்டா பாருங்க" என்று டீச்சர் மற்ற டீச்சர்களிடம் சொன்னார். மதிப்பெண் பட்டியலை நகல் எடுத்து இத்துடன் வைத்திருக்கிறேன். ரோஷ்னி, உன் அப்பா கையில் கொடு. இடது கையால் வாங்கினாலும் பரவாயில்லை, அவர் கையில்தான் கொடுக்க வேண்டும்.

உமேஷுக்குக் கை எப்படி இருக்கிறது? மிஷினில் போன மூன்று விரல்களும் திரும்ப வராது என்று தெரியும். தையல் போட்ட இடத்தில் சீழ் வைக்காமல் இருக்கிறதா? கை ஆறியதும் வந்துவிடுகிறோம் என்று சொல்லித்தான் உங்கள் ஊருக்கு ரயில் ஏறினீர்கள். உங்கள் கட்டிலும் கேஸ் அடுப்பும் எங்கள் வீட்டில் இடத்தை அடைத்துக்கொண்டு கிடக்கின்றன. இடைஞ்சலாக இருக்கிறது என்று இவர் ஒரு நாளும் சொல்லவில்லை. உங்கள் அறையில் ஒடிசாப் பையன்கள் நாலு பேர் வந்திருக்கிறார்கள். நல்ல பையன்கள்தான். ஆனால் அந்தக் கதவு திறக்கும் சத்தம் கேட்டால் இன்னும் நான் திரும்பிப் பார்த்துவிடுகிறேன்.

நல்ல செய்தி வந்தால் நீ மால்புவா சுடுவாய். நீ இல்லாததால் நானே சுட்டேன். என்ன ஆயிற்று என்று சொல்கிறேன், சிரிக்காதே. மைதா, ரவை, பால், சர்க்கரை, சோம்பு, ஏலக்காய், பிசைந்த வாழைப்பழம் எல்லாம் ஞாபகம் வைத்துத்தான் போட்டேன். எவ்வளவு என்று கேட்ட போதெல்லாம் "அந்தாஜா போடு அக்கா" என்பாயே, அந்தக் கண் அளவு உன் கண்ணோடு போய்விட்டது. முதல் கரண்டி ஊற்றியதும் நெய் முழுக்கப் பரவி நூல் நூலாகப் பிரிந்துவிட்டது. மாவு நீர்த்துவிட்டதென்று இன்னும் கொஞ்சம் மைதா போட்டேன். அடுத்தது வெளியே கருகி உள்ளே கூழாக இருந்தது. மங்கம்மா எட்டிப் பார்த்து, "ஏம்மா, இது நம்ம கச்சாயந்தானே? இதுக்கு எதுக்கு இந்திக்காரப் பேரு? துளி சோடா போடு, தானா உப்பும்" என்றது. போட்டேன். உப்பியது. வாயில் வைத்தால் சோடாதான் தெரிந்தது. இவர் ஒன்றைத் தின்றுவிட்டு, "அப்பம் மாதிரி இருக்கு, ஆனா அப்பமில்ல" என்று சொல்லிக் கையைக் கழுவிவிட்டார். பள்ளிக்கூடத்துக்குக் கொடுத்துவிடலாம் என்று நினைத்திருந்தேன். கடைசியில் கடை லட்டுதான் போயிற்று.

நான் எதை விட்டேன் என்று யோசித்துப் பார். ரோஷ்னியிடம் சொல்லி எழுதச் சொல்.

ஊர்ச் செய்தி ஒன்றும் பெரிதாக இல்லை. சானமாவுக் காட்டில் யானைகள் இறங்கியிருப்பதால் பண்ணை வேன் ஒரு வாரமாகத் தாமதமாகத்தான் எடுக்கிறார்கள். பூக்கட்டும் ஷெட்டில் உன் இடத்தில் புதுப்பெண் ஒருத்தி நிற்கிறாள். ரோஜாக் காம்பின் நீளம் பார்க்க அவளுக்கு ஸ்கேல் வேண்டியிருக்கிறது.

டீச்சர் கேட்டார், ரோஷ்னி பதினொன்றில் எந்த குரூப் எடுக்கப் போகிறாள் என்று. ஜூன் முதல் வாரம் சேர்க்கை. வந்துவிடுவார்கள் என்று சொல்லியிருக்கிறேன். என்னைப் பொய்க்காரி ஆக்கிவிடாதே.

பிள்ளைக்கு நெற்றியில் ஒரு முத்தம் கொடு. படிக்கும் அவளே தனக்குக் கொடுத்துக்கொள்ள முடியாது, நீதான் கொடுக்க வேண்டும்.

உன் அக்கா,
பொற்கொடி.


மூக்கண்டப்பள்ளி,
ஜூன் 11, புதன்.

அன்புள்ள பூனம்,

ரோஷ்னி கைப்பட எழுதிய உன் கடிதம் திங்கட்கிழமை வந்து சேர்ந்தது. வேன் டிரைவர் ஹாரன் அடித்துக்கொண்டே இருக்க, வாசலில் நின்றே படித்தேன்.

நீ சொன்னபடி மறுநாளே செய்தேன். மாவைக் கரைத்து மூடி வைத்துவிட்டு நாலு மணி நேரம் அதை மறந்துவிடு என்று சொல்லியிருந்தாய். காலையில் கரைத்துவிட்டு வேலைக்குப் போனேன், மறக்கத்தான் முடியவில்லை. வாழைப்பழத்தில் பச்சைப்பழம்தான் போட வேண்டும், ஏலக்கிப் பழம் கூடாது என்றாய். நெய் காய்ந்ததும் அடுப்பைக் குறைத்தேன். ஊற்றியபின் கரண்டியால் தொடாதே, அதுவாக மேலே எழும்பி வரும், அப்புறம்தான் திருப்ப வேண்டும், "நீ அவசரக்காரி அக்கா" என்று எழுதச் சொல்லியிருக்கிறாய். உண்மைதான். கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். எழும்பியது, பூனம். ஓரமெல்லாம் சிவந்து மொறுமொறுவென்று, நடுவில் மெத்தென்று, அசல் நீ சுட்டதைப் போல. இவர் அடுப்படியிலேயே நின்று நாலு தின்றார்.

நான் ஒன்றுதான் தின்றேன். அதற்குக் காரணம் உன் கடிதத்தின் கடைசிப் பக்கம்.

ரோஷ்னி கண்ணு, இனி நான் எழுதுவதை நிறுத்தாமல் படி. உன் குரல் நடுங்கினாலும் படி. நீ இந்த வீட்டில் ஆறு வயசில் அ, ஆ எழுதியது இதற்கும் சேர்த்துத்தான் என்று நினைத்துக்கொள்.

பூனம், மாவுக்குச் சர்க்கரை எவ்வளவு என்று சொன்ன வரிக்கும், நெய் எவ்வளவு என்று சொன்ன வரிக்கும் நடுவே ஒரு வரி வருகிறது. "ரோஷ்னியைப் பார்த்துவிட்டுப் போனார்கள், பையன் லூதியானாவில் வேலை, கார்த்திகை கழிந்ததும் கல்யாணம், பெரியவர்கள் முடிவு." அவ்வளவுதான். அதற்கு மேல் ஒரு சொல்லும் இல்லை. மற்ற வரிகளெல்லாம் கோடு போட்டதைப் போல நேராக இருக்கின்றன. அந்த ஒரு வரி மட்டும் கீழே சாய்ந்துகொண்டே போகிறது. தன் கல்யாணச் செய்தியைத் தன் கையால் இன்னொருத்திக்கு எழுதுகிற பிள்ளையைப் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டு, நீ எந்தப் பக்கம் பார்த்துக்கொண்டு அதைச் சொன்னாய்?

கோபத்தில் எழுதிவிட்டேன். அடிக்க மனசு வரவில்லை, அப்படியே இருக்கட்டும்.

அந்த வீட்டில் நீ என்ன பாடு படுகிறாய் என்று எனக்குத் தெரியாமல் இல்லை. சம்பாதித்த கை மடங்கிவிட்டது. உமேஷின் அண்ணன் வீட்டுச் சோறு. அவர் வாய்க்கு எதிர்வாய் பேச முடியாது. போன் அவர் சட்டைப்பையில் இருக்கிறது. இதெல்லாம் நீ சொல்லாமலே புரிகிறது. ஆனால் நீ எனக்குச் சொன்னது ஒன்றும் இருக்கிறதே. ஷெட்டில் முள் உரித்துக்கொண்டிருந்தபோது சொன்னாய். "பதினஞ்சு வயசு அக்கா. மணையில உக்காந்தே தூங்கிட்டேன். யாரோ கையப் புடிச்சு நெருப்பச் சுத்தி இழுத்துட்டுப் போனாங்க. காலையில முழிச்சுப் பாத்தா வேற வீடு." சொல்லிவிட்டு நீ சிரித்தாய். நான் சிரிக்கவில்லை. அப்புறம் நீயும் சிரிப்பை நிறுத்திவிட்டு, "எம் பொண்ணு காலேஜ் வாசப்படி மிதிக்கணும் அக்கா, அப்புறம் யார் வேணாலும் வரட்டும்" என்றாய். நான் கேட்டேன், ஷெட்டில் இருந்த எல்லாரும் கேட்டார்கள். ரோஷ்னிக்கு இந்த ஆகஸ்டில்தான் பதினாறு முடிகிறது. சட்டமும் ஒப்புக்கொள்ளாது, உன் சொந்த வாயும் ஒப்புக்கொள்ளாது.

டீச்சரிடம் சொன்னேன். தலைமையாசிரியை ஜூன் கடைசி வரைக்கும் இடம் வைத்திருப்பதாகச் சொல்லிவிட்டார்.

இவர் உன் கடிதத்தை இரண்டு தரம் படித்தார். மடித்து வைத்துவிட்டுக் கம்பெனிக்குப் போய்விட்டார். திரும்பி வரும்போது கையில் ரயில் டிக்கெட். கோவில்பட்டியிலிருந்து ஓசூர் வந்ததுதான் இவருடைய பெரிய பயணம், தெரியுமல்லவா? பெங்களூருக்குப் போனாலே பஸ் நம்பரை உள்ளங்கையில் எழுதிக்கொள்வார். "நீங்க போயி என்ன பேசுவீங்க, இந்தியில ஒரு வார்த்தை தெரியுமா?" என்று கேட்டேன். "பேசுததுக்குப் போகல. கூட்டிட்டு வாரதுக்குப் போறேன்" என்றார். இவருடன் வேலை செய்யும் பாட்னாப் பையன் உங்கள் ஊர்ப் பெயரையும், இறங்க வேண்டிய ஸ்டேஷனையும், ஏற வேண்டிய பஸ்ஸையும் இந்தியில் ஒரு அட்டையில் எழுதிக் கொடுத்திருக்கிறான். இருபதாம் தேதி கிளம்புகிறார். இருபத்திரண்டு அல்லது இருபத்துமூன்றாம் தேதி உங்கள் வாசலில் நிற்பார்.

உங்களை மீறி ஒன்றும் செய்ய மாட்டார். நீயும் உமேஷும் போகச் சொன்னால் பிள்ளையை அழைத்து வருவார். வேண்டாம் என்றால் ஒரு வாய்த் தண்ணீர் குடித்துவிட்டுத் திரும்பிவிடுவார். அதற்கு மேல் எங்களுக்கு என்ன உரிமை இருக்கிறது?

அவள் இங்கே என்னோடு இருப்பாள். அவளுக்கு என்று தனியாகக் கட்டில் இருக்கிறது, உங்கள் கட்டில்தான். நான் அவளைக் கண்ணுக்குள் வைத்துப் பார்த்துக்கொள்வேன் என்றெல்லாம் பெரிதாக எழுத மாட்டேன். எப்படிப் பார்த்துக்கொள்வேன் என்று ஒன்பது வருஷம் பார்த்தவள் நீ.

யோசித்து வை, தங்கச்சி. உனக்குத் தைரியம் வர வேண்டுமென்று சூசூவாடி அம்மன் கோயிலில் வேண்டிக்கொண்டிருக்கிறேன்.

உன் அக்கா,
பொற்கொடி.


மூக்கண்டப்பள்ளி,
ஜூலை 27, ஞாயிறு.

அன்புத் தங்கை பூனத்துக்கு,

இந்தக் கடிதம் உன் கைக்கு வரும்போது அதைப் படித்துக் காட்ட அங்கே யாரும் இருக்க மாட்டார்கள். தெரிந்துதான் எழுதுகிறேன். படிக்கிறவள் இங்கே என் பக்கத்து அறையில் கணக்குப் போட்டுக்கொண்டிருக்கிறாள்.

ஞாயிறுதோறும் போனில் உனக்குக் கிடைக்கும் அந்த ஐந்து நிமிஷத்தில் நீ "சாப்பிட்டாளா, தூங்கினாளா" என்று கேட்கிறாய். நான் "சாப்பிட்டா, தூங்கினா" என்கிறேன். ஸ்பீக்கரில் சுற்றிலும் ஆட்கள் இருக்கும்போது நீதான் வேறு என்ன கேட்பாய், நான்தான் என்ன சொல்வேன்? அப்புறம் அவளிடம் போனைக் கொடுத்துவிடுகிறேன். அவள் உங்கள் பேச்சில் பேசுகிறாள். எனக்கு அம்மா என்று உன்னைக் கூப்பிடும் "மாயி" என்ற ஒரு சொல்தான் புரிகிறது. அதுவும் அவள் பேசி முடிப்பதற்குள் பத்து தரம் வந்துவிடுகிறது.

இவர் அங்கே வந்த அன்று உன் வீட்டு முற்றத்தில் நடந்ததை நீ பார்த்திருக்க மாட்டாய். நீ முக்காடு போட்டு உள்ளே அடுப்படியில் நின்றாய். இவர் பார்த்ததைச் சொல்கிறேன், உனக்குத் தெரிய வேண்டும்.

கயிற்றுக் கட்டிலில் இவரை உட்காரவைத்துவிட்டு உமேஷின் அண்ணன் பேசிக்கொண்டே இருந்தாராம். அக்கம்பக்கத்து ஆண்கள் பத்துப் பேர் கூடிவிட்டார்கள். "எனக்கு ஒரு எழவும் புரியல. யார் யாரப் பாத்துப் பேசுதாங்கன்னு மட்டும் பாத்துக்கிட்டே இருந்தேன். யாரும் என்னயப் பாத்துப் பேசல" என்றார். நீ உள்ளிருந்து தட்டில் மால்புவா கொடுத்தனுப்பினாயாம். ஒருத்தரும் தொடவில்லை, தொடாமல் இருக்கக் கூடாதே என்று இவர் மட்டும் ஒன்றை எடுத்துக் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தாராம். அண்ணன் குரல் ஏறியது. வாசல் பக்கம் கையை நீட்டிவிட்டார். போகச் சொல்கிறார் என்று புரிந்து இவர் எழுந்துவிட்டார்.

அப்போதுதான் பின்னாலிருந்து தமிழில் ஒரு சத்தம். "போதும் நிறுத்துப்பா! எம் பொண்ணு. படிக்கட்டும். நா சொல்றன். கை போச்சு, வாய் போகல!" திரும்பிப் பார்த்தால் உமேஷ். அண்ணனைப் பார்த்துத்தான் கத்துகிறார். கோபத்தில் அவருக்கு எந்தப் பேச்சில் பேசுகிறோம் என்றே தெரியவில்லை. ஒன்பது வருஷம் இங்கே சூப்பர்வைசரிடம் பேச நினைத்துப் பேசாமல் விட்டதெல்லாம் அந்தப் பேச்சில்தானே உள்ளே கிடந்திருக்கும்? அங்கே இருந்தவர்களில் இவரைத் தவிர ஒருத்தருக்கும் அது புரிந்திருக்காது. ஆனால் எல்லாரும் வாயை மூடிக்கொண்டார்களாம். அண்ணன் துண்டை உதறிப் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டார். உமேஷ் அழுதுகொண்டே இவர் கையில் இருந்த மால்புவாவில் பாதியைப் பிட்டுத் தன் வாயில் போட்டுக்கொண்டாராம். அதைச் சொல்லும்போது இவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

நீ ரோஷ்னியின் பையை முந்தின நாளே கட்டி வைத்துவிட்டாய் என்று அவள் சொன்னாள். யார் என்ன முடிவு எடுத்தாலும் அந்தப் பை தயாராகத்தான் இருந்தது. அது இவருக்குத் தெரியாது. "பூனம் வாசல் வரைக்கும் வரல, புள்ளைய அனுப்புற நேரத்துல ஒரு எட்டு வந்திருக்கலாம்" என்று இவர் குறைப்பட்டார். எனக்குத் தெரியும். வந்திருந்தால் விட்டிருக்க மாட்டாய்.

வழிக்கு என்று நீ துணியில் சுற்றிக் கொடுத்த மால்புவாவை அவள் இரண்டு நாளும் மடியை விட்டு இறக்கவில்லையாம். தானும் தின்னவில்லை, பெரியப்பாவுக்கும் கொடுக்கவில்லை. இங்கே வந்து பிரித்தால் எல்லாம் பூசணம் பூத்துவிட்டது. தூக்கிப் போடக் கை நீட்டினேன். என் கையைப் பிடித்துக்கொண்டு, "வேணாம் பெரியம்மா, இன்னும் வாசனை இருக்குது" என்றாள். நான் அதைப் பிடுங்கவில்லை. மூன்று நாள் கழித்து அவளே கொண்டுபோய்ச் செம்பருத்திச் செடிக்கடியில் குழி தோண்டிப் புதைத்தாள்.

அந்த வாரம் ஒரு நாள் அவளுக்காக நான் சுட்டேன். நீ சொன்ன பக்குவத்தில், ஒன்றுகூடப் பிசகாமல். அவள் இரண்டு தின்றாள். நல்லா இருக்குது என்றாள். எப்படி இருக்கிறது, அம்மா செய்ததைப் போல இருக்கிறதா என்று நான் கேட்டிருக்கக் கூடாது. கேட்டுவிட்டேன். அவள் தட்டைப் பார்த்துக்கொண்டே, "அப்படியே இருக்குது பெரியம்மா" என்று சொல்லிவிட்டு எழுந்து போய்க் குழாயடியில் ரொம்ப நேரம் முகம் கழுவினாள். அதற்குப் பிறகு நான் சுடவில்லை. அவளாகக் கேட்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

இனி எழுதப் போவது அவள் படிக்கிற கடிதத்தில் எழுத முடியாதது.

நீங்கள் ஏப்ரலில் ரயில் ஏறிய அன்று ஸ்டேஷனில் உன்னைக் கட்டிக்கொண்டு அழுதேன். நீ என் முதுகைத் தட்டிக்கொடுத்தாய். பூனம், அன்று நான் அழுதது உனக்காக அல்ல. அவளுக்காக. எனக்கு இரண்டு தரம் தங்கிக் கலைந்தது உனக்குத் தெரியும். மூன்றாவதாக ஒன்று தங்கி வளர்ந்திருந்தால் என்ன வயசு இருந்திருக்குமோ, அந்த வயசில்தான் உன் கையைப் பிடித்துக்கொண்டு அவள் இந்த லைன் வீட்டுக்குள் நுழைந்தாள். மூக்கு ஒழுகிக்கொண்டு, சிவப்பு பிளாஸ்டிக் செருப்பை இடம் வலம் மாற்றிப் போட்டுக்கொண்டு.

இரண்டாம் வகுப்பில் சேர்க்க அவளை நான்தான் கூட்டிக்கொண்டு போனேன். உனக்கு அன்று ஷிப்ட். அங்கே இருந்த ஆயாம்மா, "உங்க பொண்ணா?" என்று கேட்டார். நான் ஆமாம் என்று சொல்லிவிட்டேன். ஃபாரத்தில் உன் பெயரைத்தான் எழுதினேன், அதில் தப்பு செய்யவில்லை. ஆனால் வாயால் ஆமாம் என்றேன். திரும்பி வரும் வழியில் அவளுக்கு ஐஸ் வாங்கிக் கொடுத்தேன். ஒன்பது வருஷம் அதை உன்னிடம் சொல்லவில்லை. நீ மால்புவாத் தட்டோடு என் வாசலில் வந்து நிற்கும்போதெல்லாம் இந்த ஒரு சொல்லை நான் திருடி வைத்திருப்பதைப் போல இருக்கும்.

அவளை இங்கே அனுப்பச் சொல்லி நான் எழுதியபோது அவள் படிப்புக்காகத்தான் எழுதினேன். சத்தியமாக. ஆனால் அதற்கு அடியில் வேறொன்றும் கிடந்தது. அவள் என் வீட்டில் இருப்பாள், காலையில் நான் தலை பின்னிவிடுவேன், என் பெண்ணாக இருப்பாள் என்ற ஆசை. அந்த ஆசைக்காகவே நீ உன் ஒரே பிள்ளையைப் பிரிந்து, அந்த வீட்டில் யாரும் முகம் கொடுக்காமல் அடுப்படியில் தனியாக நிற்கிறாயோ என்று பாத்திரம் துலக்கும்போதும் ரோஜா கட்டும்போதும் மனசு அறுக்கிறது.

பதினொன்றாம் வகுப்புச் சேர்க்கைக்குப் போனோம். அவள் கணக்கும் கம்ப்யூட்டரும் உள்ள குரூப் கேட்டாள், கிடைத்துவிட்டது. ஆபீசில் இருந்த அம்மா ஃபாரத்தைப் பார்த்துக்கொண்டே என்னைக் கேட்டார், "நீங்கதான் அம்மாவா?" என்று. ரோஷ்னி என்னைப் பார்த்தாள். அவளுக்கு நான் என்ன சொன்னாலும் சரிதான் என்கிற பார்வை அது. "இல்லீங்க, நான் பெரியம்மா. அம்மா ஊர்ல இருக்காங்க. அவங்கதான் அனுப்பி வச்சாங்க" என்றேன். சத்தமாகத்தான் சொன்னேன். சொன்னதும் எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்தது. வெளியே வந்ததும் அவள் என் கையைக் கோத்துக்கொண்டு நடந்தாள். பஸ் ஸ்டாப் வரைக்கும் விடவில்லை.

நன்றாகப் படிக்கிறாள். முதல் டெஸ்டில் கணக்கில் ஐம்பதுக்கு நாற்பத்தாறு. சுசித்ரா டீச்சர் நடுவில் வந்து பார்த்துவிட்டுப் போகிறார். இரவில் படுக்கும் முன் உன் பழைய பச்சைப் புடவையைப் போர்த்திக்கொள்கிறாள், எனக்குத் தெரியாது என்று நினைத்துக்கொண்டு. மங்கம்மா அவளுக்குத் தினமும் ஒரு டம்ளர் பால் கொடுக்கிறது. "என் வீட்டுப் புள்ளைக்கு நான் குடுக்கறேன், உனக்கென்ன" என்று என்னையே அதட்டுகிறது.

ஒரு விஷயம். இவருடைய கம்பெனிக்குப் பக்கத்தில் உள்ள ஒரு குடோனில் கேட் பார்க்க ஆள் தேடுகிறார்கள். நோட்டில் வண்டி நம்பர் எழுத வேண்டும், கேட் திறக்க வேண்டும், அவ்வளவுதான். இடது கையால் எண் எழுதப் பழகிக்கொள்ள உமேஷுக்கு ஒரு மாதம் போதும் என்று இவர் சொல்கிறார். பேசி வைத்திருக்கிறார். மங்கம்மாவிடம் மாடி அறை ஆயுத பூஜைக்குக் காலியாகிறது. உன் இடம் பூக்கட்டும் ஷெட்டில் திரும்பக் கிடைக்குமா என்று தெரியாது, கேட்டுப் பார்க்கிறேன். இதைப் போனில் சொல்ல முடியாது என்று உனக்குத் தெரியும். அடுத்த ஞாயிறு நான் "மாடி அறைக்கு வெள்ளை அடிக்கிறாங்க" என்று சொன்னால், அதற்கு இதுதான் அர்த்தம் என்று எப்படியாவது உனக்குப் புரிய வேண்டும் என்று எல்லாத் தெய்வத்தையும் கும்பிடுகிறேன்.

வா, பூனம். உன் பிள்ளை உனக்காக ஏங்குகிறாள், நான் பக்கத்தில் இருந்தும் அந்த ஏக்கத்தைத் தொட முடியவில்லை. என்னால் முடியாத காரியம் அது ஒன்றுதான். நீங்கள் இரண்டு பேரும் நல்லபடியாக வந்து சேர வேண்டும். வரும்போது இந்தக் கடிதத்தையும் எடுத்து வா. யாரிடமும் கொடுத்துப் படிக்கச் சொல்லாதே, ரோஷ்னியிடமும் வேண்டாம். நானே உன் எதிரில் உட்கார்ந்து படித்துக் காட்டுகிறேன். நடுவில் எங்காவது என் குரல் நின்றுபோனால், மேலே படி அக்கா என்று மட்டும் சொல்.

உன் அக்கா,
பொற்கொடி.